மெழுகுக் கை

பயப்படாதீங்கக்கா, மெழுகுக் கைதான். பிள்ளை பையைப் பிடிச்சு இழுத்ததுல விரல் அஞ்சும் வெளியே நீட்டிட்டு. ஆன்சி, விடு மக்ளே, அமுக்காதே. ஏற்கெனவே இந்த வெயில்ல இளகிக் கெடக்கு. விரல் வளைஞ்சு போச்சுன்னா அந்தோணியாருக்கு முன்னால எதைக் கொண்டு வைப்பேன்?

நீங்களும் கோயிலுக்குத்தானா? நல்லதாப் போச்சு. நான் தனியா இவ்வளவு தூரம் வந்ததே இல்ல. எங்க கடப்புறத்துலேர்ந்து நாகர்கோவில், அங்க மாறி இந்த பஸ். மாறின இடத்துலதான் கையை வாங்கினேன். கடைக்காரரு வலது கையா எடுத்து எடுத்து நீட்டுதாரு. இடது கை வேணும்னேன். 'கை கைதானேம்மா, புனிதருக்கு இடதென்ன வலதென்ன'ங்காரு. எனக்கு யாருகிட்டயும் வாய் குடுத்துப் பழக்கமில்ல. கடையில மிச்சம் தர மறந்தாக்கூடக் கேக்காம வந்திருவேன். ஆனா இன்னைக்கு நின்னேன். இடது கைதான் வேணும்னு நின்னேன். பிறகு ஏணி போட்டு ஏறி, மேல்தட்டுலேர்ந்து தூசி தட்டி எடுத்துத் தந்தாரு. பிள்ளைக்க அப்பா இடங்கையன், அதான்.

இல்லக்கா, அவருக்குக் கையில ஒண்ணும் ஆகல்ல. ஆகக் கூடாதுன்னுதான் போறேன். ஆயிருக்குமோன்னு ஒரு பயம். காலையில ஒரு வாய்ஸ் அனுப்பியிருக்காரு. இன்னும் கேக்கல்ல. இந்தப் போன் ஒருதரம் கீழ விழுந்ததுலேர்ந்து காதுல வெச்சாப் பேசாது, ஊருக்கே கேக்கிற மாதிரித்தான் பேசும். வீட்டுல மாமியார். பஸ்ல இத்தனை ஆளு. எப்படிப் போடுறது? வழக்கமா ஒரு நிமிசம்தான் பேசுவாரு. இது நீளமா இருக்கு. அதுதான் வெப்ராளமா, மனசு பதறிக்கிட்டு இருக்கு.

நீங்க காதுல ஒயர் மாட்டி ஜெபமாலை கேட்டுட்டு இருந்தீங்க, நான் கெடுத்துட்டேன். கேளுங்க. நான் பேசல்ல.

அவரா? அவரு கப்பல்ல. பேரு கிளீட்டஸ். சரக்குக் கப்பல் இல்லக்கா, ஆளுங்க உல்லாசமாப் போறது. பதினாலு மாடியாம். மொட்டைமாடியில நீச்சல் குளம். சுத்திலும் கடல் கெடக்கு, அதுக்கு மேல ஒரு குளம்! 'கடல்ல எறங்கப் பயந்தவங்க எதுக்குக் கடலுக்கு வாறாங்க'ன்னு ஒருதரம் கேட்டுட்டேன். 'அதெல்லாம் கேக்கப்பிடாது பிள்ளே, அவங்க விருந்தாளி'ன்னாரு. சினிமாக் கொட்டகை உண்டு, சூதாடுற இடம் உண்டு, நாய்க்குட்டிக்கு முடி வெட்டுற இடம்கூட உண்டுன்னாரு. அது நெசமா வெளையாட்டான்னு எனக்குத் தெரியாது. தீனியைச் சொன்னா நீங்க நம்ப மாட்டீங்க. மேசை மேசையா இறைச்சி, கேக்கு, பழம். ஒரு வாய் வெச்சுட்டு அப்படியே எழும்பிப் போவாங்களாம். அள்ளிக் கொட்ட ஆளு.

ஆனா சுத்தம்னா சுத்தம். ஒருத்தன் கையிலேர்ந்து பேப்பர் நழுவினா, தரையில படுமுன்னால இன்னொருத்தன் எடுத்திருவானாம். அந்தச் சுத்தம் முழுக்க இவருக்க கையிலதான் இருக்கு. அடியில, தண்ணி மட்டத்துக்குக் கீழ இவருக்கு வேலை. மேலேர்ந்து வாறதைப் பிரிக்கணும். பாட்டில் தனி, டின் தனி, பிளாஸ்டிக் தனி. சாக்குல போட்டுக் கெட்டி அடுக்கணும். எரிக்கிறது எரியும், மிச்சம் துறைமுகத்துல எறங்கும். ஊர்ல கேட்டா கிளீனிங் டிபார்ட்மெண்டுன்னு சொல்லுவேன். குப்பைன்னு சொன்னா மைனி சிரிப்பா. மைனின்னா எங்க அண்ணன் பொண்டாட்டி, பிறிஜித்து. அவ சிரிச்சா தெருவே திரும்பிப் பாக்கும்.

கடல்ல பொறந்து வளந்த ஆளு, கப்பல்ல கடலையே பாக்கிறதில்ல பாத்துக்கிடுங்க. அங்க ஜன்னல் கிடையாது. 'இப்ப எங்க இருக்கீங்க'ன்னு கேட்டா, 'ஆட்டத்தைப் பாத்தா நம்ம பக்கம் மாதிரி இருக்கு'ம்பாரு.

முன்னால அவரும் எங்க அண்ணனும் ஒரே வள்ளம். அண்ணன் பேரு லூக்காஸ். அண்ணனுக்கு வலது கை, இவருக்கு இடது கை. ரெண்டு பேரும் எதிரெதிரா நின்னு வலை இழுத்தா வள்ளம் அசையாதுன்னு கடப்புறத்துல சொல்லுவாங்க. அப்படித்தான் எனக்கு இவரைப் பாத்தாங்க. 'எனக்க எடப்பக்கம் நிக்கியவன், தங்கச்சியை விட மாட்டான்'னாரு அண்ணன். அந்த அண்ணனாக்கும் இப்ப எனக்க மொகத்தைப் பாக்க மாட்டேங்காரு.

அதைச் சொன்னாத்தான் எனக்கு ஆறும்.

மீன் கொறைஞ்சு போச்சு, வீட்டுக்கு மேல்கூரை போடணும், அதான் இவரு கப்பலுக்குப் போனாரு. போவாதேன்னு அண்ணன் சொல்லல்ல. வேற ஒருத்தனைச் சேத்துக்கிட்டுக் கடலுக்குப் போனாரு. ஆனா அண்ணனுக்கு உள்ளுக்குள்ள ஒரு இது. பொறாமைன்னு சொல்லக் கூடாது, கூடப்பொறந்தவரு. ஒரு இது. இவரு முதல் லீவுக்கு வரும்போது குட்டிக் குட்டி ஷாம்பு பாட்டில், சோப்பு, வெள்ளை டவல்னு ஒரு பை கொண்டு வந்தாரு. விருந்தாளிங்க தொடாம விட்டுட்டுப் போனது. பாட்டில்ல நங்கூரப் படம் போட்டிருக்கும். ஆன்சி அந்த வாசத்துலதான் வளந்தா. மைனிக்கும் நாலு குடுத்தேன். 'இதைத் தேச்சா நானும் பதினாலு மாடி ஏறிருவேனா'ன்னு கேட்டா பாருங்க. எனக்கு அந்த நேரத்துக்குப் பதில் வராது. வீட்டுக்கு வந்து அடுப்புப் பக்கத்துல நிக்கும்போதுதான் வரும்.

மழைக்காலம் கழிஞ்சதும் இந்தக் கப்பல் எங்க கடல் வழியாத்தான் போவும். கொச்சிப் பக்கத்துலேர்ந்து சிலோனுக்கு. பொழுது சாயும்போது தூரத்துல ஒரு வெளிச்சம் தெரியும், கல்யாண மண்டபத்தைத் தூக்கித் தண்ணியில வெச்ச மாதிரி. பிள்ளைங்கெல்லாம் ஓடி வரும். நான் ஆன்சியைத் தூக்கிக் காட்டுவேன். 'அப்பா கப்பல்'னு கை ஆட்டுவா. அவருக்குத் தெரியாது. ஜன்னல் இல்லியே. ஆனாலும் ஆட்டுவோம்.

இந்த வருசம் அந்த வெளிச்சம் போன மறுநாளெல்லாம் வலையில சாக்கு வந்துது.

மீனுக்குப் பதிலா சாக்கு. கறுப்பு பிளாஸ்டிக்கு, தடியானது, ஆளு உயரம். ஒருத்தருக்கு வலை கிழிஞ்சுது. இன்னொருத்தருக்கு எஞ்சின் விசிறியில சுத்தி நடுக்கடல்ல நின்னு போச்சு. சாக்கு கிழிஞ்சு எச்சிச் சோறும் கேக்கும் வலையெல்லாம் அப்பிக் கெடந்து நாறுது. ஆம்பளைங்க வலையை அறுத்து அப்படியே விட்டுட்டு வந்தாங்க, யாரு அதைச் சுமந்துட்டு வருவா? ஒருநாள் பிள்ளைங்க கரையில குட்டி பாட்டில் பெறக்கி வெளையாடுது. நங்கூரப் படம். நான் வீட்டுக்குப் போய் எனக்க பாட்டிலையெல்லாம் அரிசிப் பானைக்குள்ள போட்டு மூடினேன்.

ஏன்னு கேட்டா, ஒண்ணுமில்ல. நங்கூரப் படம் எத்தனையோ கப்பல்ல இருக்கும். கடல்ல எத்தனை கப்பல் போவுது! ஊர்வாய்க்கு அது தெரியுமா? அதுக்குத்தான்.

பிறகுதான் அண்ணனுக்குக் கை போச்சு.

அன்னைக்கு அண்ணனுக்க வள்ளத்துலயும் விசிறியில சாக்கு சுத்திட்டு. அலை அடிக்குது. அண்ணன் குனிஞ்சு, இடது கையால வள்ளத்தைப் பிடிச்சுக்கிட்டு, வலது கையைத் தண்ணிக்குள்ள விட்டு இழுத்திருக்காரு. சாக்குக்குள்ள முழுக்க உடைஞ்ச பாட்டில். கள்ளு குடிக்கிற கண்ணாடிக் கிளாசு. கையைத் திறந்துட்டுக்கா. மணிக்கட்டுலேர்ந்து உள்ளங்கை வரை. நரம்பு அறுந்து போச்சு. கரைக்குக் கொண்டு வரும்போது வள்ளத்துக்குள்ள கெடந்த தண்ணியெல்லாம் சிவப்பு. பெரியாஸ்பத்திரியில தச்சாங்க. மூணு விரல் மடங்காதுன்னுட்டாங்க. வலைக்காரனுக்கு மூணு விரல் மடங்கலன்னா என்ன இருக்கு?

செவ்வாய்க்கெழமை கடப்புறத்துக் குருசடியில, அந்தச் சின்னச் சிலுவைக் கோயில்ல, பொம்பளைங்க நாங்க அந்தோணியாருக்கு ஜெபம் சொல்லுவோம். அந்தச் செவ்வாய் மைனி தலையை விரிச்சுப் போட்டுட்டு வந்தா. முழங்கால்ல நின்னு, 'அந்தோணியாரே, இந்தச் சாக்கைக் கெட்டுன கை வெளங்காமப் போணும்'னு ஒரு சத்தம். சுத்தி நின்ன அத்தனை பேரும் 'ஆமென்'னாங்க. நானும் சொன்னேன். நான் கோயில்ல பாட்டுக்கூட உதட்டுக்குள்ளதான் பாடுவேன். அன்னைக்கு எனக்க தொண்டையிலேர்ந்து வந்த சத்தத்துல ஆன்சி பயந்து அழுதிட்டா. எனக்க அண்ணனுக்க கை போச்சே, சொல்லாம இருப்பேனா?

அவங்க மூணு செவ்வாய் சொல்லணும்னு நேர்ந்தாங்க. நானும் கூட நின்னு நேர்ந்தேன்.

இதுக்குப் பிறகுதான் அண்ணன் எனக்குச் செஞ்சதைக் கேளுங்க.

ஆஸ்பத்திரியிலேர்ந்து வந்த மறுநாள். கையில இவ்வளவு பெரிய கெட்டு. காலங்காத்தால எனக்க அடுப்படி வாசல்ல வந்து நிக்காரு. இடது கையில ஒரு பை. உக்காருங்கண்ணேன்னு சொன்னேன், உக்காரல்ல. கட்டங்காப்பி போடட்டான்னேன். பையை வாசல்ல போட்டாரு. திறந்து பாத்தா கறுப்புச் சாக்கு, அவரு கையை அறுத்த அதே சாக்கு, கண்ணாடி போக மிச்சம். 'எரிச்சிரு'ன்னாரு. ஒரே ஒரு வார்த்தை. திரும்பிப் பாக்காமப் போயிட்டாரு.

எனக்கு எப்படி இருக்கும் சொல்லுங்க? ஊர்ல குப்பை போட இடமா இல்ல? அவருக்க வீட்டுல தீப்பெட்டி இல்லியா? கூடப்பொறந்த தங்கச்சிக்க வாசல்ல குப்பையைக் கொண்டு போட்டுட்டு எரின்னா, அதுக்கு என்ன அர்த்தம்? குப்பைக்காரன் பொண்டாட்டின்னு குத்திக் காட்டுறதுதானே? மைனி வாயால சொன்னதை அண்ணன் கையால சொல்லிட்டாரு. அன்னைக்கு நான் அழுத அழுகை எனக்க அப்பா செத்த அன்னைக்குக்கூட அழல்ல.

அழுதுகிட்டே அதை அடுப்புக்கு இழுத்தேன். அப்பத்தான் சாக்குக்க வாயைப் பாத்தேன்.

பொறுங்க, பையில இருக்கு. இதாக்கும். ரெண்டு சுத்து சுத்தியிருக்கு பாருங்க. வாலை உள்ளே விட்டு, எடப்பக்கமாத் திருப்பி ஒரு மடக்கு. எவ்வளவு இழுத்தாலும் இறுகும். ஆனா இந்த வாலைப் பிடிச்சு ஒரு சுண்டு சுண்டினாப் போதும், மொத்தமா அவுந்திரும். வேண்டாம் மக்ளே, தொடாதே. இவளுக்குத் தெரியும், தொட்டில்ல பாத்திருக்கா. இவ பொறந்தப்ப அவரு கெட்டின தொட்டில் இன்னும் கெடக்கு. இவ காலு வெளியே தொங்குது, ஆனாலும் நான் அவுக்கல்ல. அதுவும் இதே கெட்டு. இடது கைக்காரன் கெட்டு. வேற யாருக்கும் வராது. ஒரே வள்ளத்துல இருந்த அண்ணனுக்கே வரல்ல. எத்தனையோ நாள் கெட்டிக் கெட்டிப் பாத்துட்டு, 'போடே, உனக்க கெட்டை நீயே கெட்டிக்கோ'ன்னு கயிறை வீசுவாரு. அதெல்லாம் இப்ப அண்ணனுக்கு எங்க ஞாபகம் இருக்கப் போவுது.

அவருக்க கெட்டுக்கா. அவருக்க கைக் கெட்டு.

எனக்கு ஒரு நிமிசம் சந்தோசமாத்தான் இருந்துது. பொய் சொல்ல மாட்டேன். இத்தனை மாசத்துல அவருக்க கை பட்ட சாமான் வேற ஒண்ணும் எனக்க கைக்கு வரல்ல. மோந்துகூடப் பாத்தேன். பிறகுதான் குருசடியில சொன்னது ஞாபகம் வந்துது. இந்தச் சாக்கைக் கெட்டுன கை.

கெட்டுறதுதான் அவருக்க வேலை. தூக்கிப் போடுறது வேற ஆளு. யாரு சொல்லிப் போடுதாங்களோ, எந்தப் பெரியவன் சொல்லுதானோ. அவரு கெட்டினது துறைமுகத்துல எறக்கத்தானே? கெட்டாம விட்டா வேலை போவும். கெட்டுன கைன்னு சொன்னது தப்பு. எறிஞ்ச கைன்னு சொல்லியிருக்கணும். மைனிக்கு எப்பவும் வாயில வந்ததுதான். ஆனா அந்தோணியாரு நாம சொன்ன வார்த்தையைத்தானே கேப்பாரு? காணாமப் போன ஆட்டைக் கேட்டா அந்த ஆட்டையேதான் கொண்டு தருவாரு, வேற ஆட்டைத் தர மாட்டாரு.

கெட்டை மட்டும் அறுத்து எடுத்துட்டு மிச்சத்தை எரிச்சேன்.

அந்த ஞாயித்துக்கெழமை பூசைக்குப் பிறகு சாமியாரு கூட்டம் போட்டாரு. பங்குப் பேரவைக்காரங்க, வள்ளக்காரங்க எல்லாரும். நான் பொம்பளைங்க பக்கம், கதவுக்குப் பின்னால. 'மாசுக்கட்டுப்பாட்டுக்கு மனு குடுக்கப் போறோம், நஷ்டஈடு கேக்கப் போறோம், ஆனா கையில சாட்சி வேணும். மத்தவங்களுக்கு வந்த சாக்கெல்லாம் கடல்ல போச்சு. லூக்காஸ், உனக்க கையை அறுத்த சாக்கு எங்க?'ன்னு கேட்டாரு. எரிச்சது நானில்லா? அண்ணன் எனக்க பேரைச் சொன்னா அவ்வளவுதான், ஊரே எனக்க வாசல்ல நிக்கும்.

அண்ணன் எழும்பி நின்னாரு. 'இல்ல சாமி. கடல்லயே விட்டுட்டேன்'னாரு.

'நீ கொண்டு வந்ததை நான் பாத்தேனே'ன்னு யாரோ சொன்னாங்க. 'நீ பாத்தது வேற'ன்னாரு அண்ணன். 'கப்பலு எதுன்னாவது தெரியுமா'ன்னு சாமியாரு கேட்டாரு. 'தெரியாது. ஒண்ணும் தெரியாது'ன்னுட்டு உக்காந்துட்டாரு.

எனக்குச் சிரிக்கவா அழவான்னு தெரியல்ல. நல்ல காலம், அண்ணனுக்கு மறதி. மருந்து மயக்கமோ என்னவோ. ஆனா நஷ்டஈடு போச்சே! கைபோன ஆளுக்கு அதுல ஏதாவது கெடைச்சிருக்கும். மைனி வீட்டுல வெச்சு, 'புத்தி கெட்ட மனுசா, சாட்சி இருந்தும் இல்லன்னு சொல்லிட்டு வந்திருக்கியே, உனக்குக் கை போச்சா தலை போச்சா'ன்னு கத்தினது எங்க வீட்டுக்குக் கேட்டுது. அண்ணன் ஒரு வார்த்தை திருப்பிச் சொல்லல்ல. எங்க அண்ணனுக்குச் சாமர்த்தியம் காணாதுக்கா. சின்னதுலேர்ந்தே அப்படித்தான்.

அன்னையிலேர்ந்து எனக்கிட்டயும் பேச்சு இல்ல. முன்னால மீன் கொண்டு வந்தா ஆன்சிக்குன்னு ஒரு பங்கு வரும். இப்ப மீன் ஏது. சரி, தெருவுல பாத்தா இவளையாவது தூக்கலாம்லா? 'மாமா'ன்னு ஓடுதா. அண்ணன் கெட்டுப் போட்ட கையைப் பின்னால மறைச்சுக்கிட்டு நடந்து போறாரு. பிள்ளை என்ன செஞ்சுது?

ரெண்டாவது செவ்வாய் குருசடிக்குப் போனேன். போவலன்னா ஏன்னு கேப்பாங்க. மைனி அதே வார்த்தையைச் சொன்னா. எல்லாரும் ஆமென். நான் வாயை மட்டும் அசைச்சேன். பிறகு வீட்டுல வந்து, 'அந்தோணியாரே, நான் அசைச்சதைக் கணக்குல எடுக்காதேயும்'னு சொன்னேன்.

அவருகிட்ட எப்படிச் சொல்லுவேன்? போன்ல பேசும்போது சுத்தி நாலு பேரு இருப்பாங்க. நானும் மனசுல இருக்கிறதைப் போன்ல பேசத் தெரியாதவ. 'சாப்பிட்டீங்களா', 'பிள்ளை சாப்பிட்டுது', அவ்வளவுதான். ஒருநாள் மட்டும், 'கையைக் காட்டுங்க'ன்னேன். 'எதுக்கு பிள்ளே'ன்னு சிரிச்சாரு. 'சும்மா காட்டுங்க'. காட்டினாரு. நல்லாத்தான் இருந்துது. சுண்டுவிரல் பக்கத்துல ஒரு பிளாஸ்திரி. 'அது என்ன'ன்னா, 'டின் கீறினது'ன்னாரு. அன்னைக்குச் சோறு எறங்கல்ல எனக்கு. அதுக்குப் பிறகு கூப்பிடல்ல. கடல்ல இருந்தா லைன் கெடைக்காது, தெரியும். ஆனா மூணாவது செவ்வாய் நாளைக்காக்கும். அதுக்கு முன்னால அந்தோணியாருக்க பெரிய கோயிலுக்கே போய், இந்தக் கையை வெச்சு, இந்தக் கெட்டை அவருக்கு முன்னால ஒரு சுண்டு சுண்டி அவுத்து, 'நாங்க சொன்னது இந்தக் கையை இல்ல'ன்னு சொல்லிட்டு வந்திரணும். மாமியார்கிட்ட பிள்ளைக்கு நேர்ச்சைன்னு சொல்லிட்டு வந்தேன்.

அண்ணன் இப்ப மறுபடி ஆஸ்பத்திரியில. புண்ணுல சீழ் வெச்சிட்டுதாம். நான் போவல்ல. அவருக்கு நான் யாரு? குப்பை போடுற வாசல்.

என்னக்கா? ஒயரா? எனக்கா? வேண்டாம், உங்க காதுல மாட்டினது... இல்லக்கா, அருவருப்பெல்லாம் இல்ல. பயம். ஒண்ணு செய்யுங்க. ஒண்ணு உங்க காதுல வைங்க, ஒண்ணு எனக்க காதுல. ரெண்டு பேருமாக் கேப்போம். கெட்டதா இருந்தா நீங்க எனக்க கையைப் பிடிச்சுக்கிடுங்க. ஆன்சி, சும்மா இரி. அப்பா பேசுதாரு.

போடுங்க.

...

கை நல்லா இருக்குன்னாருல்லா? கேட்டீங்கல்லா? 'எனக்கு ஒண்ணுமில்ல, கை கால் எல்லாம் சொகம், நீ அன்னைக்குக் கையைக் கேட்டியே அதுக்குச் சொல்லுதேன்'. அப்படித்தானே சொன்னாரு? மாதாவே.

பொறுங்க. அதுக்குப் பிறகு சொன்னது எனக்குச் சரியாப் புரியல்ல. பஸ் சத்தம். மறுபடி போடுங்கக்கா, அந்த இடத்தைப் போடுங்க.

...

'ஷீபா, லூக்காஸ் அண்ணன் ஒரு படம் அனுப்பியிருந்தாரு. சாக்குக்க வாயி. இது உனக்க கெட்டாடேன்னு கேட்டாரு. எனக்கதுதான் அண்ணே, இந்தக் கப்பல்ல வேற எவனுக்கு இது வரும்னு பெருமையாச் சொல்லிட்டேன். உங்களுக்கு எங்க கெடைச்சுதுன்னு கேட்டேன். பதிலே இல்ல. கேட்டுக் கேட்டு நேத்துதான் ஒரு வரி போட்டாரு. எழுத்தெல்லாம் தப்பும் தவறுமா, சின்னப் பிள்ளை எழுதின மாதிரி. அண்ணனுக்கு எழுத்து மறந்து போச்சா என்ன? "இனி வேற மாதிரி கெட்டுடே". இவ்வளவுதான். ஏன் அப்படிச் சொன்னாரு? இங்க எரிக்கிற அடுப்பு கெட்டுப் போய்க் கெடக்கு. நான் கெட்டி அடுக்கி வெச்சுட்டுப் படுப்பேன், எழும்பி வந்தா அறை காலியா இருக்கும். துறைமுகத்துல எறக்கினோம்ங்காங்க. ஆட்டம் நிக்கவே இல்லியே, எங்க துறைமுகம் வந்துதுன்னு எனக்குத் தோணும், கேக்கல்ல. ஷீபா, அங்க என்ன நடக்குது? அண்ணன் சொகமா இருக்காரா?'

...

படம் எடுத்திருக்காரு. எனக்க வாசல்ல போடுறதுக்கு முன்னாலயே.

எழுத்து மறக்கல்லக்கா. அண்ணன் வலது கைக்காரன். இடது கையால எழுதியிருக்காரு. ஆஸ்பத்திரிக் கட்டில்ல கெடந்துட்டு, இடது கையால ஒவ்வொரு எழுத்தாத் தட்டியிருக்காரு. இனி வேற மாதிரி கெட்டுன்னு.

அப்போ எரின்னு சொன்னது.

அப்போ கூட்டத்துல, 'ஒண்ணும் தெரியாது'ன்னு சொன்னது.

மைனி தலை போச்சான்னு கேட்டாளே, அதுக்கும் வாயைத் திறக்கலியே. ஏன்க்கா என்னை அப்படிப் பாக்கீங்க? உங்களுக்கு முன்னாலயே புரிஞ்சு போச்சா? நான் சொல்லச் சொல்லவே புரிஞ்சு போச்சா? பிறகு ஏன் சொல்லல்ல?

ஆன்சி! அய்யோ, என்ன செஞ்சே? பாருங்கக்கா, இவ அந்த வாலைப் பிடிச்சு இழுத்துட்டா. அவுந்து போச்சு. கோயில்ல வெச்சு அவுக்கணும்னு கொண்டு வந்தேன். எனக்குத் திருப்பிக் கெட்டத் தெரியாதே. சரி விடு. அழாதே மக்ளே. அம்மா அடிக்க மாட்டேன். அதைத் தா. இல்ல, வேண்டாம். நீயே வெச்சுக்கோ.

கோயில் இன்னும் எத்தனை ஸ்டாப்பு? அண்ணே, கண்டக்டர் அண்ணே! அடுத்த நிறுத்தத்துல எறங்கணும். கோயிலுக்குத்தான் டிக்கெட் எடுத்தேன், தெரியும். எறங்கணும். எதிர்ப்பக்கம் நாகர்கோவில் பஸ் வருமா? பெரியாஸ்பத்திரிக்குப் போணும்.

போய் என்ன சொல்லுவேன்னு தெரியலக்கா. எனக்கு அந்த நேரத்துக்கு வாயில ஒண்ணும் வராது. பிள்ளையை அவருக்க மடியில உக்கார வைப்பேன். மறைக்க முடியாதுல்லா, கட்டில்ல கெடக்கிற ஆளு கையை எங்க மறைப்பாரு?

நாளைக்கு மூணாவது செவ்வாய். மைனிகிட்டயும் போணும். அவ தலையை விரிச்சுப் போட்டுட்டு நிக்கிறதுக்கு முன்னால போணும். அவ எனக்க மொகத்துல துப்பினாலும் துப்புவா. துப்பட்டும்.

எக்கா, ஒரு உபகாரம். இந்தக் கையை நீங்க கொண்டு போங்க. கோயில் வாசல்ல கடை உண்டுதானே? இதைக் குடுத்துட்டு வலது கை மாத்தித் தருவாங்களான்னு... இல்ல, மாத்த வேண்டாம். இந்தாங்க, ரூவா. வலது கை ஒண்ணு வாங்கி, இதுக்குப் பக்கத்துல எதிரெதிரா வைங்க. பேரு ஒண்ணும் சொல்ல வேண்டாம். ஒரே வள்ளத்துல வலை இழுத்த கைன்னு மட்டும் சொல்லுங்க.

பஸ் நிக்குது. பிள்ளையைக் கொஞ்சம் தூக்கித் தாங்கக்கா.